கனத்த சத்தத்துக்கு யார் செலவு செய்வது?

2002 ஜூன் 11 அன்று அமெரிக்காவில் ஒரு இசைத் தொகுப்பு வெளியானது. கலிஃபோர்னியாவின் பேக்கர்ஸ்ஃபீல்டு ஊரைச் சேர்ந்த கோர்ன் என்ற குழுவினுடையது. ஆல்டர்நேட்டிவ் மெட்டல் என்பார்கள், நு மெட்டல் என்றும் சொல்வார்கள். தொகுப்பின் பெயர் 'அன்டச்சபிள்ஸ்'. தமிழில் சொன்னால், தீண்டத்தகாதவர்கள்.

சுமார் 16 வருடம் கழித்து, 2018 ஜனவரி 6 அன்று, சென்னை கீழ்ப்பாக்கம் சி.எஸ்.ஐ. பெயின்ஸ் பள்ளி மைதானத்தில் 19 பேர் மேடையேறினார்கள். இயக்குநர் பா. இரஞ்சித்தின் நீலம் பண்பாட்டு மையமும் இசைக்கலைஞர் டென்மாவின் மெட்ராஸ் ரெக்கார்ட்ஸும் சேர்ந்து உருவாக்கிய குழு அது. பெயர் 'தி காஸ்ட்லெஸ் கலெக்டிவ்'. தமிழில் சொன்னால், சாதியற்றோர் கூட்டு.

இந்த இரண்டு பெயர்களும் ஒரே கயிற்றின் இரண்டு முனைகள். முதல் குழுவின் பாடல்களில் சாதி பற்றி ஒரு சொல்லும் கிடையாது. இரண்டாவது குழுவுக்கு அதுதான் அடிப்படை. பெயரைப் பற்றிக் கொஞ்சமும் சத்தத்தைப் பற்றி நிறையவும் இங்கே பேச நினைக்கிறேன். கனத்த இசை ஒன்று பதிவாகி வெளிவர என்னென்ன தேவைப்படுகிறது, அவை யாருக்குக் கிடைக்கின்றன, சாதி ஒழிப்பு பேசும் நாம் அதை ஏன் இன்னும் நம் வேலைகளில் ஒன்றாக எடுத்துக்கொள்ளவில்லை? என் கேள்வி அதுதான்.

கோர்னை எனக்கு அறிமுகப்படுத்தியது அம்பத்தூர் மார்க்கெட் பக்கம் விற்ற எம்பி3 சிடி. நூற்றுச் சொச்சம் பாட்டு, 30 ரூபாய். பின்னட்டையில் பொடி எழுத்தில் இருந்த அந்தப் பெயரைப் பார்த்ததும் எனக்கு 'ஏதோ நம்ம ஆளுங்க சமாச்சாரம் போல' என்று தோன்றியது. பாட்டைப் போட்டால் நம்மைப் பற்றி ஒன்றுமில்லை. ஆனால் அந்தச் சத்தத்தை விட்டு வெளியே வர முடியவில்லை. சாதாரணக் கிதாருக்கு ஆறு கம்பி. இவர்களுடையதற்கு ஏழு. அந்த ஏழையும் இன்னும் தளர்த்தி, கீழே இறக்கிக் கட்டியிருப்பார்கள். கிதார் என்பதைவிட லாரி என்ஜின் ஐடிலிங்கில் நிற்கிற மாதிரி கேட்கும். பேஸ் கிதார் கம்பியை அறைகிற அறையில் ஸ்வரத்தைவிட 'டக் டக்' என்ற உலோகச் சத்தம்தான் முன்னால் வரும். அதன்மேல் ஜொனாதன் டேவிஸின் குரல் முனகும், அழும், திடீரென்று குலைநடுங்கக் கத்தும்.

டேவிஸ் பாடகராவதற்கு முன்னால் அவருடைய மாவட்டத்தின் பிணப் பரிசோதனை அலுவலகத்தில் உதவியாளராக வேலை பார்த்தவர். இந்தத் தகவலை முதலில் படித்தபோது நான் கொஞ்ச நேரம் அப்படியே உட்கார்ந்திருந்தேன். பிணத்தோடு புழங்கியவர் அங்கே வேலையை விட்டுவிட்டுப் பாடப் போகிறார். அந்த வேலை அவர் பின்னால் வருவதில்லை, அவர் பிள்ளைக்கும் ஒட்டுவதில்லை. நம் ஊரில் அது பிறப்போடு கொடுக்கப்படுகிற வேலை. அதோடு சேர்த்து அடிக்கக் கொடுக்கப்பட்ட கருவியின் பெயரையே ஒரு சாதிக்கு வைத்து, அந்தப் பெயரை ஆங்கில அகராதி வரைக்கும் கொண்டுபோய்ச் சேர்த்தார்கள்.

'அன்டச்சபிள்ஸ்' உருவான கதை மெட்டல் ரசிகர்களுக்குத் தெரியும். தயாரிப்பாளர் மைக்கேல் பெய்ன்ஹார்ன், ஒரு அடி சரியாக விழவில்லை என்றால் திரும்பத் திரும்ப அடிக்க வைக்கிற ஆள் என்று பெயரெடுத்தவர். 1994இல் சவுண்ட்கார்டனின் 'சூப்பர்அன்னோன்' தொகுப்பைச் செய்தவர். கோர்ன் குழு அவரோடு அரிசோனாவில் தொடங்கி, கனடாவுக்குப் போய், லாஸ் ஏஞ்சல்ஸில் முடித்தது. கிட்டத்தட்ட இரண்டு வருடம். வாடகை வீடுகள், ஸ்டுடியோ வாடகை, கச்சேரியே இல்லாத மாதங்களிலும் உதவியாளர்களுக்குச் சம்பளம். மொத்தச் செலவு சுமார் 40 லட்சம் டாலர் என்று டேவிஸே பின்னாளில் சொன்னார். அன்றைய மதிப்பில் சுமார் 19 கோடி ரூபாய். கடைசியில் வெளியீட்டுக்கு முன்பே முழுத் தொகுப்பும் இணையத்தில் கசிந்தது. அப்படியும் முதல் வாரத்தில் 4,34,000 பிரதிகள் விற்று பில்போர்டு பட்டியலில் இரண்டாம் இடம். முதலிடத்தில் எமினெம் இருந்தார். 'ஹியர் டு ஸ்டே' என்ற பாட்டுக்கு அடுத்த வருடம் கிராமி விருதும் கிடைத்தது. அதற்கடுத்த தொகுப்பைக் குழு தானே தயாரித்து 2003இலேயே வெளியிட்டுவிட்டது. போதுமடா சாமி என்று நினைத்திருப்பார்கள்.

அந்த 40 லட்சம் டாலரில் பாதி ஊதாரித்தனம் என்பது என் கணிப்பு. மீதிப் பாதி காதில் கேட்கிறது. நல்ல ஹெட்போனில் போட்டுப் பாருங்கள். இரண்டு கிதார், பேஸ், டிரம்ஸ், குரல் எல்லாமே உச்சத்தில் இருக்கின்றன. ஆனாலும் ஒன்று இன்னொன்றை மூடவில்லை. ஒவ்வொரு அடியும் தனக்கென்று ஒரு அறை வைத்துக்கொண்டு அதில் நின்று அடிக்கிறது. சத்தமாக வாசிக்கக் காசு வேண்டாம். கல்யாண மண்டப ஸ்பீக்கரே போதும். சத்தமும் தெளிவும் ஒன்றாக வரவேண்டும் என்றால்தான் நேரமும் அறையும் மைக்கும் காது தேர்ந்த ஆளும் தேவைப்படுகிறார்கள்.

சரி, அந்தப் பெயர். 'எங்கள் வலியைத் திருடிவிட்டார்கள்' என்று கொடி பிடிக்க எனக்கு ஆர்வமில்லை. ஆங்கிலத்தில் அந்தச் சொல்லுக்கு 'யாராலும் அசைக்க முடியாதவன்' என்றும் ஒரு பொருள் உண்டு. கையில் காசும் புகழும் இருந்த ஐந்து பேர் அதை ஜாலியாகவோ சோகமாகவோ எடுத்து மாட்டிக்கொண்டிருக்கலாம். எனக்கு உறுத்துவது வேறு. இரட்டைமலை சீனிவாசன் 1893இல் ஒரு பத்திரிகை தொடங்கினார். பெயர் 'பறையன்'. அம்பேத்கர் 1948இல் ஒரு ஆய்வு நூல் வெளியிட்டார். பெயர் 'தி அன்டச்சபிள்ஸ்'. இருவரும் அந்தச் சொல்லைத் தலைப்பில் வைத்தபோது அதற்காக ஒரு விலை கொடுத்தார்கள். சீனிவாசனின் பத்திரிகைப் பெயரைச் சத்தமாகச் சொல்லக் கூச்சப்பட்டவர்கள் அவருடைய சொந்த மக்களிலேயே இருந்திருப்பார்கள். கூச்சப்பட வைக்கத்தானே அந்தப் பெயர் வைக்கப்பட்டது. அந்தக் கூச்சத்தை உடைக்க ஒருவர் அதைத் தலைப்பாக்குவதும், ஒன்றும் தெரியாமல் ஒருவர் அதைத் தலைப்பாக்குவதும் அச்சில் ஒரே மாதிரிதான் தெரியும். சத்தத்துக்கும் இது பொருந்தும் என்று நினைக்கிறேன். ஒரே கனம், ஆனால் அதைத் தூக்குகிறவர்கள் வேறு வேறு.

மெட்டலின் கனம் எங்கே பிறந்தது என்று பார்த்தால் அம்பத்தூர்க்காரர்களுக்கு அது அந்நியமாகவே இருக்காது. இங்கிலாந்தின் பர்மிங்காம், தகடு வெட்டும் தொழிற்சாலை. 1965இல் டோனி அயோமி என்ற 17 வயதுப் பையனுக்கு அங்கே கடைசி நாள் வேலை. எந்திரம் அவன் வலது கையின் இரண்டு விரல் நுனிகளைப் பறித்துக்கொண்டது. இடது கைப் பழக்கக்காரன் என்பதால் கம்பியை அழுத்துகிற கையே அதுதான். பிளாஸ்டிக் பாட்டிலை உருக்கி விரலுக்குக் குப்பி செய்து, பழைய தோல் ஜாக்கெட்டை வெட்டி அதன்மேல் ஒட்டிக்கொண்டான். விரல் வலிக்காமல் இருக்க மெல்லிய கம்பிகளைப் போட்டான், பிற்பாடு கம்பிகளைத் தளர்த்திச் சுருதியையும் இறக்கினான். அந்த இறங்கிய சுருதியிலிருந்துதான் பிளாக் சப்பாத்தின் இருண்ட கனம் வந்தது. கோர்னின் ஏழு கம்பி அந்த வழியில் வந்த பேரப்பிள்ளை. பிளாக் சப்பாத்தின் முதல் தொகுப்பு 1970 பிப்ரவரியில் வந்தது. அதைப் பதிவு செய்ய அவர்களுக்கு ஒரே நாள் போதுமானதாக இருந்தது. பல மாதங்கள் கிளப் கிளப்பாக வாசித்துக் கை பழகியிருந்ததால் அது முடிந்தது.

இங்கே டிஐ சைக்கிள் 1949இல் வந்தது. பிறகு டன்லப். ஆவடியில் டாங்கித் தொழிற்சாலை. 1960களில் அம்பத்தூர் எஸ்டேட். பவர் பிரஸ், லேத், மோல்டிங், பிளேட்டிங் என்று தெருவுக்குத் தெரு சின்னக் கம்பெனிகள். பர்மிங்காமில் இருந்த அதே எந்திரங்கள்தான். எங்கள் தெருவில் விரல் போனவர்களை நான் சின்ன வயதிலேயே எண்ணத் தெரிந்துகொண்டேன். என் பெரியப்பா ஒருவருக்கு வலது கையில் இரண்டு விரல் கிடையாது. டீ கிளாஸை அவர் பிடிக்கிற விதமே தனி. கான்டிராக்ட் ஆளாக வேலைக்குப் போனவர், ஆஸ்பத்திரிச் செலவோடு வீட்டுக்கு அனுப்பப்பட்டார். வாலிப வயதில் அவர் சாவுக்கு அடிக்கப் போனவர் என்பதும் பறையில் அவர் அடி எங்கள் பக்கம் பேர்போனது என்பதும் எனக்கு வெகு நாள் கழித்துத்தான் தெரியவந்தது. அவரும் சொல்லவில்லை, நாங்களும் கேட்கவில்லை.

அயோமிக்கும் பெரியப்பாவுக்கும் போனது அதே இரண்டு விரல். விபத்துக்குப் பிறகு அயோமியைத் தேற்ற அவருடைய மேற்பார்வையாளர் ஒரு இசைத்தட்டு வாங்கிக் கொடுத்தார். கை கருகியும் இரண்டு விரலை வைத்தே வாசித்த ஜாங்கோ ரைன்ஹார்ட்டின் தட்டு அது. பெரியப்பாவுக்கு அப்படி யார் என்ன கொடுத்திருக்க முடியும்? அவர் அடித்த கருவிக்குத் தட்டே கிடையாது. இசை விமர்சகர்கள் அதை இசை என்றே எழுதியதில்லை. ஒருவேளை அவர் திரும்பக் குச்சியைப் பிடித்திருந்தால், வீட்டில் இருந்தவர்களே வேண்டாம் என்றுதான் சொல்லியிருப்பார்கள். அந்த மறுப்புக்கும் நியாயம் இருக்கிறது. அதற்குப் பிறகு வருகிறேன்.

மெட்டல் சென்னைக்கு எஸ்டேட் வழியாக வரவில்லை. ஆங்கிலப் பள்ளிகள் வழியாகவும் பொறியியல் கல்லூரிகளின் கல்ச்சுரல்ஸ் வழியாகவும் வந்தது. கிதார் விலை, ஆம்ப் விலை, பழகுவதற்குத் தனி அறை, பக்கத்து வீட்டுக்காரர் சண்டைக்கு வராத அளவுக்கு இடைவெளி விட்டுக் கட்டிய வீடு இவையெல்லாம் இருந்தவர்களின் கையில் அது தங்கியது. நான் படித்த கல்லூரியில் (பெயர் வேண்டாம், பூந்தமல்லி பக்கம் அப்படிப் பல கல்லூரிகள் உண்டு) மெட்டல் பேண்டுக்கு ஆள் எடுத்தார்கள். என் நண்பன் ஒருவன் பறையோடு போனான். இரண்டு நிமிடம் அடித்திருப்பான். 'நல்லாருக்கு மச்சி, ஆனா ரொம்ப சத்தமா இருக்கு, செட் ஆவாது' என்று சொல்லி அனுப்பிவிட்டார்கள். சொன்னவன் இரட்டை பேஸ் பெடல் வைத்திருந்த டிரம்மர்! நாங்கள் அதைச் சொல்லிச் சொல்லி இன்றும் சிரிப்போம். அவன் சொன்னது சத்தத்தின் அளவை அல்ல என்பது அன்றைக்கே எங்களுக்குத் தெரியும்.

அமெரிக்காவில் கறுப்பின இசைஞர்கள் இதே சுவரில் முட்டினார்கள். ராக் இசையே அவர்களுடைய புளூஸிலிருந்து பிறந்தது. ஆனால் 1980களில் ஒரு கறுப்பினக் குழு கிதாரோடு போய் நின்றால், 'இது உங்கள் இசை இல்லையே' என்று இசை நிறுவனங்கள் சொல்லின. லிவிங் கலர் குழுவின் கிதார் கலைஞர் வெர்னன் ரீடும் எழுத்தாளர் கிரெக் டேட்டும் வேறு சிலரும் சேர்ந்து 1985இல் நியூயார்க்கில் பிளாக் ராக் கோயலிஷன் என்ற அமைப்பைத் தொடங்கினார்கள். பாட்டு எழுதுவதோடு நிற்காமல் மேடை, பதிவு, ஒப்பந்தம் ஆகிய மூன்றையும் கூட்டாகப் பேசிய அமைப்பு அது. இன்று ஆல்டர்நேட்டிவ் மெட்டல் என்று சொல்லப்படுவதன் வரலாற்றை லிவிங் கலரின் 1988ஆம் வருடத் தொகுப்பான 'விவிட்' இல்லாமல் எழுத முடியாது.

கனத்த இசை தானாகவே விடுதலையின் பக்கம் நிற்கும் என்றும் எண்ணிவிட வேண்டாம். தமிழர்கள் முன்னின்று நடத்தும் சிங்கப்பூரின் ருத்ரா குழு 1992லிருந்து இயங்குகிறது. இசைத் திறமையில் ஒரு குறையும் சொல்ல முடியாது. தங்கள் இசைக்கு அவர்கள் சூட்டிய பெயர் வேதிக் மெட்டல். 2001இல் வந்த தொகுப்பின் பெயர் 'தி ஆரியன் குருசேட்'. தொழிற்சாலையில் பிறந்த சத்தத்தைக் கொண்டுபோய் உபநிடதத்தின் காலடியில் வைக்கவும் முடியும். எந்தப் பக்கம் வைப்பது என்பதை வைக்கிற கைதான் முடிவு செய்கிறது.

காஸ்ட்லெஸ் கலெக்டிவின் கை எந்தப் பக்கம் என்பதில் குழப்பமே இருந்ததில்லை. அயோத்திதாசப் பண்டிதர் 19ஆம் நூற்றாண்டிலேயே முன்வைத்த 'சாதியற்றவர்' என்ற அடையாளத்திலிருந்து பெயரை எடுத்தார்கள். இட ஒதுக்கீட்டைப் பற்றி ஒரு பாட்டு, மாட்டுக்கறியைப் பற்றி ஒரு பாட்டு, ஜெய்பீம் என்று ஒரு பாட்டு. முதல் தொகுப்புக்கு 'மகிழ்ச்சி' என்று பெயர் வைத்தார்கள். கோபமான இசைக்கு அப்படி ஒரு பெயர் வைக்கத் துணிச்சல் வேண்டும். இவர்களை மெட்டல் என்று யாரும் சொல்லவில்லை, நானும் சொல்ல மாட்டேன். கானாவும் ராப்பும் ராக்கும் சேர்ந்த கூட்டு அது. ஆனால் கட்டமோளமும் சட்டியும் பறையும் ஒரு பக்கம், டிஸ்டார்ஷன் கிதாரும் டிரம்ஸும் ஒரு பக்கம் என்று நின்று மோதுகிற இடங்களில் எனக்குக் கிடைக்கிற அதிர்வு, 'அன்டச்சபிள்ஸ்' கொடுத்த அதே அதிர்வு. அடிவயிற்றில் விழுகிற அடி.

இந்தக் கருவிகளைச் சேர்த்துப் பதிவது எவ்வளவு கடினம் என்பதை நாம் பேசுவதே இல்லை. டிஸ்டார்ஷன் போட்ட கிதாரின் ஒலி ஏற்கெனவே நசுக்கித் தட்டையாக்கப்பட்டது. சுவர் மாதிரி ஒரே உயரத்தில் நிற்கும். பறை அதற்கு நேர் எதிர். தீயில் வாட்டி விறைப்பேற்றிய தோலில் மெல்லிய குச்சி விழும்போது ஒலி கண்ணிமைக்கும் நேரத்தில் உச்சிக்குப் போய் உடனே இறங்கிவிடும். மைக்கைப் பக்கத்தில் வைத்தால் அந்த உச்சி வெடித்துப் பதிவு உடையும். தள்ளி வைத்தால் பக்கத்தில் இருக்கிற எல்லாக் கருவியும் அதே மைக்கில் ஏறும். கட்டமோளத்தின் கீழ் ஒலியோ, பேஸ் கிதாரும் டிரம்ஸின் கால்மத்தளமும் உட்கார்ந்திருக்கிற அதே இடத்தில் வந்து உட்கார்ந்து சண்டை போடும். அவசரத்தில் வேலை செய்கிறவருக்கு ஒரே வழிதான் தெரியும். பறையின் உச்சியைக் கருவி வைத்து வெட்டிவிட்டு, கிதாருக்குப் பின்னால் தள்ளிவிடுவது. அப்போது பறை கேட்கும், ஆனால் 'கிராமத்து வாசனை' என்கிற அளவுக்குத்தான் கேட்கும். சினிமாப் பாட்டில் வருகிற பறையெல்லாம் பெரும்பாலும் அந்தக் கதிதான்.

காஸ்ட்லெஸ் கலெக்டிவின் பதிவுகள் அந்தக் கதிக்கு ஆளாகவில்லை. இருந்தாலும் மேடையில் நெஞ்சில் இடித்த கனம் பதிவில் பாதிதான் வந்திருக்கிறது என்பது என் அபிப்பிராயம். இது அவர்கள்மீது குறை இல்லை. 19 பேரை ஒரே நேரத்தில் ஒரே அறையில் வைத்துப் பதிய எத்தனை பெரிய அறை வேண்டும், எத்தனை நாள் வாடகை, அன்றாடக் கூலி விட்டு வருகிற கலைஞருக்கு அந்த நாட்களின் சம்பளம் யார் தருவது என்று கணக்குப் போட்டுப் பாருங்கள். கோர்ன் கச்சேரியே இல்லாமல் இரண்டு வருடம் தன் ஆட்களுக்குச் சம்பளம் கொடுத்தது. நம்மிடம் இரண்டு வாரம் கொடுக்க ஏற்பாடு இருக்கிறதா?

பாட்டு வெளிவந்த பிறகான தொல்லை தனி. இசைவாணியை எடுத்துக்கொள்ளுங்கள். ஆண்கள் மட்டுமே பாடிவந்த கானாவில் ஒரு பெண்ணாக நின்று பாடி, 2020இல் பிபிசியின் 100 பெண்கள் பட்டியலில் இடம்பெற்றவர். பெண்களின் கோயில் நுழைவு உரிமை பற்றி 2018இல் குழு உருவாக்கிய பாட்டை அவர் பாடினார். ஆறு வருடம் கழித்து, 2024 நவம்பரில், அந்தப் பாட்டைத் தோண்டியெடுத்து அவர்மீது புகார்கள் கொடுத்தார்கள். கைப்பேசிக்கு மிரட்டல்களும் வசவுகளும் குவிந்தன. பாட்டு கூட்டாக உருவானது. மிரட்டல் ஒரு பெண்ணின் முகவரிக்கு மட்டும் போனது. கோர்னின் தொகுப்பு வெளியீட்டுக்கு முன் கசிந்ததால் அவர்களுக்குப் போனது பணம். இங்கே பாட்டு கேட்கப்பட்டால் போவது தூக்கம்.

பாட்டு ஊரையே ஆட்டிவிட்டாலும் பணம் வரும் என்று சொல்ல முடியாது. 2021இல் அறிவு எழுதிப் பாடிய 'எஞ்சாயி எஞ்சாமி' உலகம் முழுக்கப் போனது. அதே வருடம் அந்தப் பாட்டை முன்வைத்து வந்த ஒரு இசை இதழின் அட்டையில் அறிவு இல்லை. 2024 மார்ச்சில், தன்னையும் சேர்த்து யாருக்குமே அந்தப் பாட்டிலிருந்து அதுவரை வருமானம் வரவில்லை என்று சந்தோஷ் நாராயணனே வெளிப்படையாகச் சொன்னார். பதிவின் உரிமை யார் பெயரில் இருக்கிறது என்ற கேள்வியை நம் மேடைகளில் நான் அதிகம் கேட்டதில்லை.

சத்தத்துக்குச் சட்டமும் இருக்கிறது. 2000ஆம் வருட ஒலி மாசு விதிகளின்படி, குடியிருப்புப் பகுதியில் பகலில் 55 டெசிபல் வரைக்கும் போகலாம். தொழிற்பகுதி என்றால் 75. ஆலைக்குள் எட்டு மணி நேரம் வேலை செய்கிறவர் காதில் 90 வரை ஏற்றலாம் என்று தொழிற்சாலை விதிகள் சொல்கின்றன. எஸ்டேட்டை ஒட்டிய தெருக்களில் வளர்ந்தவர்களுக்கு இந்த எண்கள் வீட்டுச் சுவர் மாதிரி. ராத்திரி ஷிஃப்ட் பிரஸ் அடிக்கிற அடியில் பாத்திரம் குலுங்கும், அதற்கு யாரிடமும் போய் அனுமதி கேட்டதில்லை. அதே தெருவில் அம்பேத்கர் பிறந்தநாளுக்கு ஸ்பீக்கர் கட்ட எழுத்துப்பூர்வ அனுமதி வேண்டும், எத்தனை பாட்டு, என்ன பாட்டு என்று கேள்விகள் வேண்டும், பத்து மணிக்கு வண்டி வந்து நிற்கும். உழைக்கிற காதுக்கு எவ்வளவு சத்தம் வேண்டுமானாலும் போகலாம். அந்தக் காதுக்குச் சொந்தக்காரர் தானே சத்தம் எழுப்பினால்தான் பிரச்சினை.

பறையை நான் இங்கே கொண்டாடிக்கொண்டே போக முடியாது. தென்னாற்காட்டில் எல். இளையபெருமாள் பறையடிக்க மறுக்கும் போராட்டத்தை நடத்தியபோது, அந்தக் குச்சியைக் கீழே போடுவதுதான் சுயமரியாதையாக இருந்தது. அடிக்க மாட்டோம் என்றதற்காக அடிபட்ட ஊர்கள் உண்டு. என் பெரியப்பாவை அவர் வீட்டார் தடுத்திருந்தால் அது அந்தப் போராட்டத்தின் நீட்சிதான். பிறகு வந்த தலைமுறை, திண்டுக்கல் சக்தி கலைக்குழுவின் பெண்கள் உட்பட, குச்சியைத் திரும்ப எடுத்தது. அதுவும் சுயமரியாதைக்காகத்தான். இந்த இரண்டில் எது சரி என்று தீர்ப்புச் சொல்ல நான் ஆளில்லை. இரண்டுக்கும் நடுவே ஒரு பொதுவான நிபந்தனை இருக்கிறது. அடிக்கிறவர் தன் விருப்பத்தில் அடிக்க வேண்டும், அதற்குக் கூலி வேண்டும், அவர் பெயர் சொல்லப்பட வேண்டும். பெயர் சொல்லாமல் 'பறைக் குழுவினர்' என்று போடுகிற பதிவு, சாவு வீட்டுத் திண்ணையிலிருந்து அதிக தூரம் நகர்ந்துவிடவில்லை.

நம்மிடம் மேடை வந்துவிட்டது. நீலம் 2020 டிசம்பரில் தொடங்கிய 'மார்கழியில் மக்களிசை', சபாக்களின் மாதத்தையே பிடுங்கி இந்தக் கருவிகளுக்குக் கொடுத்தது. சின்ன விஷயமில்லை. ஆனால் மேடை அன்றைக்கு வந்தவர்களுக்கு. ஆவடியிலோ அரக்கோணத்திலோ ஒரு பதினைந்து வயதுப் பிள்ளை ராத்திரி ஹெட்போனில் போட்டு நூறு தடவை கேட்டு, 'இந்த அடியை எப்படி அடிச்சாங்க' என்று மண்டையை உடைத்துக்கொள்ள ஒரு நல்ல பதிவு வேண்டும். எனக்கு 30 ரூபாய் சிடியில் பேக்கர்ஸ்ஃபீல்டுதான் கிடைத்தது.

ஆகவே இயக்கத் தோழர்களிடம் கேட்பது பெரிய ஸ்டுடியோ இல்லை, 19 கோடியும் இல்லை. அம்பத்தூர் 2011லிருந்து சென்னை மாநகராட்சியில் இருக்கிறது. ஆவடி 2019இல் தனி மாநகராட்சி ஆனது. இரண்டிலும் சமுதாயக் கூடங்கள் இருக்கின்றன, முகூர்த்தம் இல்லாத நாட்களில் பூட்டிக் கிடக்கின்றன. பெட்டகமாக உயர்ந்த கூரை, தடித்த சுவர். பழைய ஜமுக்காளமும் கோணிப்பையும் தொங்கவிட்டால் எதிரொலி அடங்கிவிடும். வாரம் இரண்டு மாலை, அனுமதிக் கடிதத்தோடு, பறைக்கும் கிதாருக்கும் அந்தக் கூடங்களைத் திறக்கச் சொல்லிக் கவுன்சிலர்களிடம் மனு கொடுப்பது நம் கிளைகள் செய்யக்கூடிய காரியம். மாநாட்டுப் பந்தலுக்கு வசூலிப்பதில் ஒரு பங்கை எடுத்து வைத்தால், ஒரு குழுவுக்கு வருடத்தில் பத்து நாள் பதிவுச் செலவும் அந்தப் பத்து நாள் கூலியும் தேறும். ஒப்பந்தம் எழுதும்போது நம் வழக்கறிஞர்களில் ஒருவர் பக்கத்தில் உட்கார்ந்து, பதிவின் உரிமை வாசித்தவர்கள் பெயரிலும் இருக்கிறதா என்று பார்த்தால் போதும். மிரட்டல் வரும்போது பாடியவரைத் தனியாக விடாமல், எழுதியவர், இசையமைத்தவர், வெளியிட்டவர் எல்லோருமாகக் காவல் நிலையத்துக்குப் போக வேண்டும்.

கல்லூரி பேண்டுக்குச் 'செட் ஆகாத' அந்த நண்பன் இப்போது எஸ்டேட்டில் ஒரு கம்பெனியில் சி.என்.சி. ஓட்டுகிறான். ஞாயிற்றுக்கிழமைகளில் நான்கு பேரோடு பழகுகிறான். இரண்டு பறை, ஒரு கட்டமோளம், கீழே இறக்கிக் கட்டிய ஒரு செகண்ட் ஹேண்ட் கிதார். பழகுகிற இடம் ஒரு லேத் பட்டறையின் பின்பக்கம், முதலாளிக்குத் தெரியாமல். ஐந்து பாட்டு தயாராக இருக்கிறது என்கிறான். கைப்பேசியில் பதிந்து அனுப்பியிருந்தான். கிதார் கேட்கிறது. பறை ஏறுகிற ஒவ்வொரு இடத்திலும் பதிவு உடைந்து கரகரக்கிறது.